தண்ணீரில் எழும்பிய தலை

வட்டுக்கோட்டை
12.03.1985

அன்புத் தம்பி றிச்சர்ட்,

கர்த்தர் கிருபையால் நாங்கள் சுகம். உன் சுகம் கேட்க எனக்கு மனம் வரவில்லை, அவ்வளவு கோபம்.

நீ எடுத்த பூநாரைப் படத்தை வாடகை வீடியோ டெக்கில் போட்டுப் பார்த்தோம். சுண்டிக்குளத்திலிருந்து கனிசியஸ் அண்ணையையும் அவர் மனைவி லூர்த்தம்மாவையும் கூப்பிட்டிருந்தேன். தொடங்கியதுமே பின்னணிக் குரலில் ஒரு வெள்ளைக்காரன், "மனிதக் காலடி படாத கரை" என்கிறான். அடேய்! எண்பத்து மூன்று தையில் நாங்கள் யாருடைய குடிசையில் கிடந்தோம்? நான் உன் கமராவுக்குக் குடை பிடித்து நிற்க, கொடியில் கிடந்த சேலையையும் வலையையும் அள்ளிக்கொண்டு லூர்த்தம்மா ஒளித்ததை மறந்துபோனாயா? பறவைகள் தாமாகவா எழும்பின? கனிசியஸ் அண்ணைதானே இடுப்பளவு தண்ணீரில் போய்க் கலைத்துவிட்டு, படத்தில் விழாமல் மூச்சடக்கி முங்கிக் கிடந்தவர்!

ஆனாலும் கடவுள் இருக்கிறார். பறவைகள் எழும்பும்போது ஓரத்தில் ஒரு தலை மூச்செடுக்க வெளியே வருகிறது. லூர்த்தம்மா துள்ளி எழும்பி, "உது எங்கடை மனுசனெல்லே!" என்று கத்தினார். வீடு முழுக்கச் சிரிப்பு. உன் படத்தில் உண்மை அந்தத் தலை மட்டும்தான்.

கோபம் ஆறாத அக்கா,
ஐரிஸ்

லண்டன்
20.04.1985

அன்பின் அக்கா,

கோபிக்காதீர்கள். படத்தில் ஆள் தெரிந்தால் இங்கே ஒருவரும் வாங்க மாட்டார்கள். அந்தத் தலையை நான் கவனிக்கவேயில்லை. நல்லவேளை சொன்னீர்கள், வெட்டி எடுத்துவிட்டேன். திருத்திய கசற் இத்துடன் வருகிறது. பழையதை யாருக்கும் காட்டாதீர்கள். கனிசியஸ் அண்ணைக்கு என் அன்பு.

தம்பி றிச்சர்ட்

வட்டுக்கோட்டை
08.12.1991

றிச்சர்ட்,

கனிசியஸ் அண்ணை செத்துப்போனார். ஆமி கரையில் இறங்கியபோது ஷெல் பட்டது. குடிசையும் அதில் இருந்த போட்டோக்களும் எரிந்துபோயின. சனம் முழுக்கக் கரையை விட்டு எழும்பி வந்துவிட்டது. உன் படத்தில் சொன்ன பொய் இப்போது உண்மையாகிவிட்டது, சந்தோஷமா?

லூர்த்தம்மா எங்கள் வீட்டில்தான் இருக்கிறார். "பிள்ளை, அவரின்ரை முகத்தை ஒருக்காப் பாக்கவேணும், அந்தப் படத்தைப் போடன்" என்று கேட்டார். பழைய கசற்றுக்கு மேல் யாரோ சினிமாப் படம் ஏற்றிவிட்டார்கள். நீ திருத்தியதுதான் இருந்தது. கரண்ட் இல்லை, ஜெனரேற்றர் பிடித்துப் போட்டேன். பறவைகள் எழும்பின. ஓரத்தில் வெறும் தண்ணீர்.

"இன்னொருக்கா விடு பிள்ளை, நான் கண்ணிமைச்சிட்டன் போலை" என்றார். திரும்பத் திரும்ப விட்டேன். என் தம்பிதான் அதை வெட்டிவிட்டான் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

வெட்டிய துண்டைத் தேடு. கிடைத்தால் அனுப்பு. கிடைக்காவிட்டால் எனக்கு எழுதாதே. வெட்டியது நீதான் என்று லூர்த்தம்மாவுக்கு உன் கையால் எழுது, நான் வாசித்துக் காட்டுகிறேன்.

ஐரிஸ்