பாப் ஃப்தூஹ் வாசலில் நாலாவது ரொட்டி

மார்ச் 2

பாப் ஃப்தூஹ் கோட்டை வாசலை இன்று அடைத்துவிட்டார்கள். வளைவில் விரிசலாம். ஐம்பத்திரண்டு வயதில் எனக்கும்தான் ஆயிரம் விரிசல், எவனாவது சாரம் கட்டினானா? வாசலுக்கு உள்ளே என் ரொட்டி அடுப்பு; தெருவே வீட்டில் மாவு தட்டிக் கொண்டுவரும், கூலிக்குச் சுட்டுத் தருவேன். வெளியே ரக்கியாவின் வீடு. விதவை. காலையில் மாவுப் பலகையோடு வந்து, "சுட்டு வை, ஜிலாலி அண்ணே" என்பாள். (அண்ணனாம்! கழுதையைக்கூட அப்படித்தான் கூப்பிடுகிறாள், அதனால் மனதில் வைத்துக்கொள்வதில்லை.) இந்த வசந்தத்தில் கேட்டுவிடுவதென்று புது ஜிலாபா அங்கி தைத்து வைத்திருந்தேன். இனி ஊரைச் சுற்றிக்கொண்டா வருவாள்?

மார்ச் 5

வரவில்லை.

மார்ச் 6

மூளை என்றால் இதுதான் மூளை! சாரத்துக்கு அடியில் வேலையாட்கள் போக ஒரு சந்து இருக்கிறது. கொத்தனார் பூஅஸ்ஸாவுக்குச் சூடாக ரொட்டியும் ஆலிவ் காயும் கொடுத்து மடக்கிவிட்டேன். ரக்கியாவின் பலகையை அவன் வாங்கிவந்து, சுட்டதும் திருப்பிக் கொடுப்பான்.

"ரொட்டி சுமக்கவா அண்ணே கொத்து வேலை கத்துக்கிட்டேன்?"

"புண்ணியம்டா, போ."

மார்ச் 19

இந்தத் தெருவில் யார் வீட்டில் சண்டை, யாருக்கு மசக்கை எல்லாம் பலகையைப் பார்த்தே சொல்லிவிடுவேன். ரக்கியா வீட்டு ரொட்டி எப்போதும் மூன்று. இன்று நான்கு! நாலாவதில் சோம்பும் எள்ளும். வேறு யாருக்காம்? எடுத்து அங்கேயே தின்றேன். கண்ணில் நீர். சூடுதான்.

மார்ச் 22

இன்றும் தின்றேன். சாயங்காலம் பூஅஸ்ஸா தலையைச் சொறிந்துகொண்டு வந்தான்.

"அண்ணே, எனக்குன்னு தினம் ஒண்ணு தனியா தட்டி வைக்கிறேன்னு ரக்கியா சொல்லுது. வந்து சேரவே இல்லையே?"

"எலி" என்றேன்.

"எள்ளு போட்டதை மட்டும் தேடித் தின்னுற எலியா?"

சிரித்தான். நானும் சிரித்தேன். சிரிச்சேனே! அடப்பாவி மனுஷா — அவளுக்கு அவனை யாரு காட்டினது? தினம் அவ வாசப்படிக்கு யாரு அனுப்பினது? அதுவும் ரொட்டி ஊட்டி?

மே 14

வாசலைத் திறந்துவிட்டார்கள். ரக்கியா நேராக வந்தாள். பின்னால் தட்டு தட்டாகச் சுட வேண்டிய கல்யாணப் பலகாரம், பாதாம் வைத்துப் பிறை போல வளைத்தது.

"நீ சுட்டாத்தான் எனக்குத் திருப்தி, அண்ணே. வெள்ளிக்கிழமை நிக்காஹ். அப்புறம் மெக்னெஸ் போறோம். அவருக்கு அங்க வேலை."

புது ஜிலாபாவைப் போட்டுக்கொண்டு சுட்டேன். கருக விட்டிருக்கலாம். கை கேட்கவில்லை.

மே 18

கிளம்பிவிட்டார்கள். வாசலில் நின்று, "வரட்டுமா மச்சான்!" என்று பூஅஸ்ஸா கத்தினான். தெருவே திரும்பிப் பார்த்தது. கையாட்டினேன்.

மே 21

வாசல் அகலத் திறந்து கிடக்கிறது. காற்று நேரே உள்ளே வருகிறது. அடுப்பு சீக்கிரம் ஆறிவிடுகிறது. நானே ஒரு ரொட்டி தட்டி, சோம்பும் எள்ளும் தூவிச் சுட்டேன்.

எலிக்குப் பசியில்லை.