காய்ச்சலோடு ஜெயித்த அரையிறுதி

என் பிடிவாதக்கார ஷாமளா அக்காவுக்கு,

பாசமும் கோபமும் கலந்துதான் எழுதுகிறேன். இன்றைக்கு எது கூடுதல் என்று எனக்கே தெரியவில்லை.

திங்கட்கிழமை காலையில் புது டென்னிஸ் ரேங்கிங் பட்டியல் வந்தது. என் பெயர் இல்லை. போனை மூடித் திறந்து மறுபடியும் தேடினேன், இல்லை. உன் பெயரை எப்போது எடுத்துவிடுவார்களோ என்று ஒரு வருஷமாகப் பயந்துகொண்டிருந்தேன். கடைசியில் நாம் இரண்டு பேரும் ஒரே காலையில் காணாமல் போய்விட்டோம்.

உனக்குத் தெரியாததா? நாம் ஆடுகிற இந்த அடிமட்டப் போட்டிகளில் வாங்குகிற புள்ளிக்கு ஒரு வருஷம்தான் ஆயுள். அதற்குள் புதிதாகச் சேர்க்காவிட்டால் நாம் ஆட்டக்காரிகளே இல்லை. போன வருஷம் கோலாலம்பூர் போட்டியில் இரட்டையர் அரையிறுதியை நீயும் நானும் ஜெயித்தோமே, அந்தப் புள்ளிகளை வைத்துத்தான் இதுவரை காலத்தை ஓட்டினேன். நீ இல்லாமல் போன இடமெல்லாம் முதல் சுற்றிலேயே மண்ணைக் கவ்வினேன். தோற்ற கையோடு, என்மேல் பந்தயம் கட்டியவன் எவனோ போனில் அசிங்கமாகத் திட்டி எழுதுவான். நீ இருந்தால் அதை உரக்கப் படித்து, எழுத்துப் பிழையைக் காட்டிச் சிரிக்க வைப்பாய். நான் தனியாக உட்கார்ந்து ஒரு வரி விடாமல் படித்தேன்.

அந்த அரையிறுதி நாளில் உனக்குக் காய்ச்சல். எனக்குத் தெரியாது. "வெயில் லா, வேற ஒன்னும் இல்ல" என்று ஐஸ் வைத்த துண்டைக் கழுத்தில் சுற்றிக்கொண்டு ஆடினாய். இரட்டையரில் ஒருத்தி விலகினால், அவளோடு ஆடுகிறவளும் வெளியே போக வேண்டியதுதான். அதற்காகத்தானே வாயை மூடிக்கொண்டாய்? மறுநாள் உன்னால் எழுந்து நிற்கவே முடியவில்லை. இறுதி ஆட்டத்தை ஆடாமலே விட்டுக்கொடுத்தோம். ஆஸ்பத்திரியில் டிங்கிக் கொசுக் காய்ச்சல் என்றார்கள். அம்மா பப்பாளி இலையை இடித்துச் சாறு எடுத்துக்கொண்டு தினமும் ஓடி வந்தார். அடுத்த வாரம் முடிவதற்குள் நீ போய்விட்டாய்.

இந்த வருஷமும் அதே போட்டி, அதே கோர்ட். ப்ளாய் என்று ஒரு தாய்லாந்துப் பெண் என்னோடு சேர்ந்து ஆட ஒப்புக்கொண்டாள். எப்படியோ அரையிறுதிக்கு வந்துவிட்டோம். அதுவரை வாங்கிய புள்ளி போதாது; அதையும் ஜெயித்தால் என் பெயர் தங்கும், தோற்றால் போய்விடும். உன் திதி ஆங்கிலத் தேதிக்கு முன்பாகவே வருகிறது இல்லையா, அது சரியாக அந்த நாளில் வந்து விழுந்தது.

கிள்ளான் பக்கத்து மேருவில் நம் வீட்டில் விடிந்ததிலிருந்து படையலுக்குச் சமையல். தேங்காய்ப்பால் சோற்றில் நாசி லெமாக்கும் காரச் சம்பலும் வைத்தே ஆக வேண்டும் என்று அம்மா பிடிவாதமாக நின்றார், அது உனக்குப் பிடிக்கும் என்று. நான் ரேக்கட் பையைத் தூக்கியதும் கரண்டியோடு வாசலுக்கு வந்துவிட்டார்.

"அவளுக்குச் சோறு வெக்கிற நாள்ல நீ பந்து அடிக்கப் போறியா?"

"இன்னிக்கி ஜெயிச்சாத்தான்மா எனக்கு ரேங்கிங் நிக்கும்."

"அந்த ரேங்கிங்குதான் அவள முழுங்கிருச்சு. இப்ப உனக்கும் வேணுமா?"

அப்பா துறைமுக லோரியை ஓட்டப் போகாமல் வீட்டிலிருந்தார். "போட்டும் விடு, இதான் கடைசி. போர்ட்ல என் பாஸ்கிட்ட இவளுக்கு ஆபீஸ் வேலைக்குச் சொல்லி வெச்சிருக்கேன்" என்றார். பஸ்ஸைப் பிடிக்க ஓடினேன்.

ஆட்டத்தில் நான் இடப்பக்கம் நின்றேன். என் ஃபோர்ஹேண்ட் நடுவை நோக்கி இருப்பதால், நடுவில் வருகிற பந்து என்னுடையது என்று ப்ளாயிடம் நானே பேசி வைத்திருந்தேன். நம் ஆட்டத்தில் அது எப்போதுமே உன் பந்து. எந்தப் பக்கம் நின்றாலும் பாய்ந்து வந்து எடுப்பாய், நான் குறுக்கே வந்தால் முறைப்பாய். கடைசி டைபிரேக்கில் எதிராளிகளுக்கு மேட்ச் பாயின்ட், அந்த ஒரு பந்து போனால் ஆட்டமே முடிந்தது. பந்து நேராக நடுவில் வந்தது. பெரிய வேகம்கூட இல்லை. நான் ஒதுங்கி வழி விட்டேன்.

உனக்காக ஒதுங்கினேன் அக்கா. பந்து எங்கள் இருவருக்கும் நடுவே துள்ளிப் போய்ப் பின்னால் கம்பி வேலியில் மோதியது. நீ செத்துப்போனாய் என்பது அந்த நிமிஷம்தான் எனக்கு உறைத்தது. "உன் பந்துதானே, ஏன் விட்ட?" என்று ப்ளாய் ஆங்கிலத்தில் கேட்டாள். அவளுக்கு என்னவென்று சொல்வது? அங்கேயே உட்கார்ந்து அழுதேன். காலில் அடி என்று நினைத்து நடுவர் ஐஸ் பையோடு ஓடி வந்தார்.

கோர்ட்டிலிருந்து கிளம்பி, பிரிக்பீல்ட்ஸ் தெருக்களில் கால் போன போக்கில் நடந்தேன். பிறகு ஸ்டேஷனுக்குப் போய் உட்கார்ந்தேன். கிள்ளானுக்குப் போகிற ரயில் வந்தது, ஏறவில்லை. அடுத்ததும் வந்தது, அதிலும் ஏறவில்லை. வீட்டுக்குப் போகப் பிடிக்கவில்லை. வேறு எங்கேயும் போகவும் பிடிக்கவில்லை. இந்த ஆட்டத்தைத் தவிர எனக்கு என்ன தெரியும், சொல்?

நான் வீட்டுக்குள் நுழைந்தபோது அம்மா உன் படத்துக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். திட்டுவார் என்று தலையைக் குனிந்துகொண்டேன். எழுந்து வந்து என் நெற்றியிலும் கழுத்திலும் கை வைத்துப் பார்த்தார்.

"சுடல" என்றார். "தோத்துட்டியா?"

"தோத்துட்டேன்மா."

"அன்னிக்கி அவளுக்கு எவ்ளோ சுட்டிருக்கும்? நான் தொட்டுப் பாக்காம விட்டுட்டேனே." உன் படத்தைத் திரும்பிப் பார்த்தார். பிறகு, "போறதுன்னா போ. காய்ச்சல் அடிச்சா மட்டும் மறைக்காத" என்றார்.

திங்கட்கிழமை ரேங்கிங் வந்த கொஞ்ச நேரத்திலேயே ப்ளாயும் செய்தி அனுப்பிவிட்டாள். என் பெயர் இல்லாததால் இருவரின் ரேங்கிங்கைச் சேர்த்தாலும் அடுத்த போட்டியில் இடம் கிடைக்காதாம், ஜப்பான்காரி ஒருத்தியோடு ஆடப் போகிறாளாம். 'சாரி லா' என்று முடித்திருந்தாள். அவள்மேல் தப்பில்லை. நானாக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன்.

அப்பா சொன்ன வேலை அடுத்த மாதம். அதற்குள் ஒரு போட்டி இருக்கிறது. ரேங்கிங் இல்லாதவர்கள் தகுதிச் சுற்றுக்கு நேரில் போய்ப் பெயர் கொடுத்துவிட்டுக் காத்திருக்க வேண்டும். வர வேண்டியவள் ஒருத்தி வராவிட்டால்தான் உள்ளே விடுவார்கள். புத்தியுள்ளவள் செய்கிற காரியமா இது? தெரியவில்லை. போகாமல் இருக்க முடியவில்லை, அதனால் போகிறேன்.

உனக்கு ஒன்று மட்டும் சத்தியம் செய்கிறேன். உடம்பு சுட்டால் சொல்லிவிடுவேன். மேட்ச் பாயின்ட்டாக இருந்தாலும், கூட ஆடுகிறவள் என்னைச் சபித்தாலும், ரேக்கட்டைக் கீழே வைத்துவிட்டு வெளியே வந்து சொல்வேன். அன்றைக்கு நீ சொல்லியிருந்தால் நான் ஒரு நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருப்பேன். மறுநாள் உன்னோடு பேசியிருப்பேன். அவ்வளவுதானே அக்கா நடந்திருக்கும்?

உன் தங்கச்சி,
தேவி