அதிகாரி அடித்த கடைசி வசனம்

இன்று ஒத்திகையில் ஸ்பிரிட் கம் பாட்டிலைத் திறந்தேன். மீசை ஒட்டும் அந்தப் பசையின் காட்டமான வாடை மூக்கில் ஏறியதும், "சீக்கிரம் ஒட்டுங்க மேடம், மீசை இல்லன்னா ஊட்டுக்காரியே மதிக்க மாட்டா" என்று நீங்கள் பக்கத்தில் நின்று அவசரப்படுத்துவதுபோல இருந்தது. கண் கலங்கியதற்குப் பசைமேல் பழி போட்டேன்.

பகலில் தாம்பரத்தில் ஒரே ஆபீஸில் ஃபைல் தள்ளினோம். மாலையானால் நீங்கள் நடிகர், டைரக்டர். நான் மேடையோரத்து விங்ஸில் நின்று வசனம் எடுத்துக் கொடுப்பவள். எண்பதுகளின் கடைசியில், சோவியத்திலிருந்து வந்த வழவழப்பான பத்திரிகையை நாங்கள் பிள்ளைகளின் நோட்டுக்கு அட்டை போட வாங்கினோம். நீங்கள் ஒருவர்தான் படித்தீர்கள். அதில் எஸ்டோனியா நடிகர் ஒருவரைக் கண்டுபிடித்தீர்கள். அவர் டைரக்ட் செய்த நாடகத்தை மேலிடம் நிறுத்தியது. இனி நடிக்க வேஷமும் கிடையாது என்றது. மனிதர் அதே அரங்கத்தில் திரை இழுக்கும் வேலை பார்த்துக்கொண்டு காத்திருந்து, மறுபடி டைரக்டரானார். தணிக்கையில் வசனத்தை அடித்துவிட்டால் அந்த இடத்தில் பேசாமல் நிற்பாராம்.

"திரை இழுத்துகினு இருந்தாரு பாருங்க மேடம், அவர்தான் நடிகரு!"

ஏரியைத் தூர்த்து ப்ளாட் போட்ட கதையை நாடகமாக எழுதினீர்கள். நாடகத்துக்குப் போலீஸ் அனுமதி வாங்க வேண்டிய காலம். கடைசியில் கிழவர் கேட்கும் "ஏரிய இன்னாடா பண்ணீங்க?" என்ற வரியை அதிகாரி சிவப்பு மையில் அடித்துக் கொடுத்தார். மீறிப் பேசினால் இனி நமக்கு மேடையே இல்லை. அந்த நடிகர்போல நானும் அந்த இடத்தில் பேசாமல் நிற்கிறேன் என்றீர்கள்.

"எஸ்டோனியாவுல ஜனங்களுக்கு வசனம் தெரிஞ்சிருக்கும் சார். இங்க மறந்துட்டீங்கன்னு சிரிப்பாங்க" என்று சண்டை போட்டேன்.

"சிரிக்கட்டும். தண்ணிக்குக் கொடம் தூக்கினவங்க சிரிக்க மாட்டாங்க."

கீழ்க்கட்டளைப் பந்தலில் கிழவர் வேஷத்தில் காலிக் குடத்தோடு நின்றீர்கள். விசில் பறந்தது. "டயலாக் மறந்துட்டான்டா!" வரி என் நாக்கு நுனியில் இருந்தது. முதுகுக்குப் பின்னால் கையை ஆட்டி, வேண்டாம் என்றீர்கள். அந்த நிமிஷம் உங்கள் பிடிவாதத்தை வெறுத்தேன்.

பெண்கள் பக்கத்திலிருந்து ஒருத்தி எழுந்தாள். "இன்னாய்யா சும்மா நிக்கிற? ஏரிய இன்னாடா பண்ணீங்கன்னு கேளுய்யா!"

பந்தல் மொத்தமும் அதையே கேட்டது. முன்வரிசையில் குறிப்பெடுக்க வந்த போலீஸ் ஏட்டு உங்கள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். நீங்கள் அதைத் திறக்கவே இல்லை. அடுத்த நாடகத்துக்கும் அனுமதி வந்தது.

வருகிற ஞாயிறு மேடவாக்கத்தில், அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்றில் அதே நாடகம். நீங்கள் போன பிறகு டைரக்டர் நான். "அந்த ஏரி டயலாக் மட்டும் வேணாமே மேடம், ஃப்ளாட் ரேட் எறங்கிடும்" என்றார் குடியிருப்போர் சங்கச் செயலாளர். வாசலில் தண்ணீர் லாரி ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது.

"சரி சார், எடுத்துடறேன்" என்றேன்.

உங்கள் வேஷம் கட்டுபவரிடம் சொல்லிவிட்டேன்: அந்த இடத்தில் குடத்தோடு நில்லுங்கள், யார் சிரித்தாலும் அசையாதீர்கள். அன்று திரை இழுக்கப் போவது நான்தான் சார். கீழேயிருந்து யாராவது அந்தக் கேள்வியைக் கேட்கிறவரை கயிற்றைத் தொட மாட்டேன்.