ஆறாம் அத்தியாயத்தில் ஒரு வரி

மரியே வாழ்க
வரதராஜன்பேட்டை
24 பிப்ரவரி 2025

அன்புள்ள இர்பானாவுக்கு,

மேரி எழுதுவது. நீயும் ஷஹானா குட்டியும், குவைத்தில் பிலால் அண்ணனும் நலமா? இங்கே அப்பாவுக்கு முட்டிவலி, முந்திரியில் பூ சுமார்தான். மற்றபடி சுகம்.

நம் புத்தகத்தின் ஆறாம் அத்தியாயத்தை இத்துடன் வைத்திருக்கிறேன். வழக்கம்போல் ஒருமுறை படித்துவிட்டு மூடி வை. பிறகு நிரூபணத்தை நீயாக உன் கையால் எழுதி அனுப்பு. போனில் பேசினால் என் வேகத்துக்கு நீ "ஆமாடி, ஆமாடி" என்று தலையாட்டிவிடுகிறாய் என்றுதானே தபாலுக்கு வந்தோம்! கணினிக் கோட்பாட்டுக்குத் தமிழில் நல்ல பாடப்புத்தகம் இல்லையே என்று எம்.எஸ்ஸி. விடுதியில் புலம்பிய நாமே இப்போது ஒன்றை எழுதிக்கொண்டிருப்பதை நினைத்தால் சிரிப்பாக இருக்கிறது.

இந்த அத்தியாயம் என் ஆய்வேட்டின் உயிர். ஒரே ஒரு எண்ணைப் பூஜ்யத்தில் தொடங்கி, வரிக்கு வரி அதில் ஒன்று கூட்டியோ கழித்தோ, அடுத்த வரிக்கோ பழைய வரி ஒன்றுக்கோ போகிற நிரல். எண் மறுபடி பூஜ்யமானால் நின்றுவிடும். அது நிற்குமா, காலமெல்லாம் ஓடுமா என்று தெரிந்துகொள்ள எவ்வளவு நேரம் பார்த்துக்கொண்டிருப்பது? ஒரு வரியை ஒருமுறை செய்வது ஓர் அடி; நிரலில் எத்தனை வரியோ அத்தனை அடி பார்த்தால் போதும், அதற்குள் நிற்காவிட்டால் என்றைக்கும் நிற்காது என்பது என் தேற்றம்.

ஏப்ரல் எட்டாம் தேதி வைவா. டாக்டர் பட்டம் இல்லாதவர்களை ஜூனுக்கு மேல் வைத்துக்கொள்ள மாட்டோம் என்று காலேஜில் சொல்லிவிட்டார்கள். சோறு இறங்கவில்லை. அந்த நிரூபணத்தை உன் கையெழுத்தில் பார்த்துவிட்டால் நிம்மதியாகத் தூங்குவேன்.

முத்தங்களுடன்,
மேரி


786
லப்பைக்குடிக்காடு
8 மார்ச் 2025

பிரியமுள்ள மேரிக்கு,

இர்பானா எழுதிக்கொண்டது. நோன்பு தொடங்கிவிட்டது. உனக்கும் தவக்காலம். இந்த வருஷம் இரண்டு பேரும் சேர்ந்து பட்டினி கிடக்கிறோம்.

எழுத உட்கார்ந்தேன். பாதிவரை கை தானாகப் போனது. பிறகு ஓரிடத்தில் நின்றுவிட்டது. "அத்தனை அடிகளுக்குள் நிற்காத நிரல் ஏதோ ஒரு வரிக்கு இரண்டாம் முறை வந்தே தீரும், எனவே அது என்றைக்கும் நிற்காது என்பது தெளிவு" என்று எழுதியிருக்கிறாய். இரண்டாம் முறை வரும், சரி. அதற்குப் பிறகு வருகிற "எனவே"தான் எனக்குப் பிடிபடவில்லை.

நோன்பால் வந்த மந்தமாக இருக்கும் என்று நினைத்து, கஞ்சி குடித்த பிறகும் பார்த்தேன். ஊஹூம். இத்தனை வருஷம் பாடத்தை விட்டதில் மூளை துருப்பிடித்துவிட்டது என்று நினைத்து அழுதே விட்டேன். மாமி பதறிப்போய், "என்னம்மா, குவைத்துலேர்ந்து ஏதும் சேதியா?" என்றார்கள். "இல்ல மாமி, கணக்கு வரல" என்றேன். "இந்த வயசுல கணக்கு வரலன்னா அழுவுற?" என்று ஒரே சிரிப்பு அவர்களுக்கு.

அந்த ஒரு வரியை எனக்காகக் கொஞ்சம் விரித்து எழுதேன். உன் வைவாவுக்குத் தினமும் துஆ செய்கிறேன்.

உன்,
இர்பானா


மரியே வாழ்க
வரதராஜன்பேட்டை
12 மார்ச் 2025

அடி மண்டு,

வந்த வரிக்கே திரும்பி வந்தால் அதே சுற்றைத்தானே சுற்றும்? சுற்றிக்கொண்டே இருப்பது எங்கே நிற்கும்? என் கைடு சாரே அந்த இடத்தில் நிற்காமல் தாண்டிப் போனார். வெளித்தேர்வாளர்களின் அறிக்கையும் நல்லபடியாக வந்துவிட்டது. நீ மட்டும் முட்டுக்கட்டை போடுகிறாய்.

விளையாடாதே, இர்பா. வைவா தேதி நெருங்குகிறது. வகுப்பில் பாடம் நடத்தும்போதே அந்த நாள் ஞாபகம் வந்து பேச்சு நின்றுவிடுகிறது. "சரி" என்று எழுதி அனுப்பு, தாயே. மாமிக்கு என் அன்பைச் சொல்.

மேரி


786
லப்பைக்குடிக்காடு
19 மார்ச் 2025

பிரியமுள்ள மேரிக்கு,

இந்தக் கடிதத்தைக் கவரில் போட்டு ஒட்டி, பிரித்து, மறுபடி ஒட்டி அனுப்புகிறேன். கவர் கிழிந்திருந்தால் அதுதான் காரணம்.

அதே வரிக்குத் திரும்பி வருகிறது, உண்மைதான். ஆனால் வரும்போது எண் பழைய எண்ணாகவே இருக்க வேண்டியதில்லை. ஒவ்வொரு சுற்றிலும் ஒன்று குறைந்துகொண்டே வந்தால்?

நோன்பு திறந்த பேரீச்சங்கொட்டைகளை வைத்துப் பார்த்தேன். நீயும் காலித் தட்டோடு ஆரம்பி. முதல் வரி, ஒன்று கூட்டு. இரண்டு, ஒன்று கூட்டு. மூன்று, ஒன்று கழி. நான்கு, ஒன்று கூட்டு. ஐந்து, ஒன்று கழி. இந்த ஐந்தாம் வரியிலிருந்தே மூன்றாம் வரிக்குத் திரும்பு. ஐந்து அடி முடிந்தும் தட்டில் ஒரு கொட்டை மிச்சம் இருக்கிறது. உன் தேற்றப்படி இந்த நிரல் இனி நிற்கவே கூடாது. ஆனால் அடுத்து மூன்றாம் வரி, ஒன்று கழி. தட்டு காலி. ஆறாம் அடியில் நின்றுவிட்டது.

நான் எங்கேயாவது தப்பு செய்திருக்க வேண்டும் என்று அல்லாஹ்விடம் கேட்டுக்கொண்டே திரும்பத் திரும்ப வைத்துப் பார்த்தேன். நின்றுகொண்டே இருக்கிறது, மேரி. வரிகளின் எண்ணிக்கையை அதாலேயே பெருக்கி அத்தனை அடி பார்த்தால் போதும் என்று தோன்றுகிறது, இன்னும் நிரூபிக்கவில்லை. கைடு சாரிடம் இப்போதே சொல்லிவிடு. என்மேல் வருத்தப்படாதே.

உன்,
இர்பானா


வரதராஜன்பேட்டை
24 மார்ச் 2025

இர்பானாவுக்கு,

பார்த்தேன். எனக்கும் நின்றது.

இப்போது என்னை என்ன செய்யச் சொல்கிறாய்? குறைந்த அடிகள் போதும் என்பதற்காகத்தான் அந்த ஆய்வேடு. தலைப்பே அதுதான். அது போனால் எனக்கு என்ன மிஞ்சும்? பெருக்கிப் பார் என்று நீ எழுதிவிட்டுப் போய்விடுவாய். உனக்குப் பெருநாள் வருகிறது, துணி எடுக்கலாம், பிரியாணி போடலாம். புருஷனாகப் பிலால் அண்ணன் இருக்கிறார், சம்பாதித்து அனுப்புகிறார். எனக்கு இந்த வேலை ஒன்றுதான்.

நீ படிப்பை விட்டது என் குற்றமா? எத்தனை நாளாக இந்த ஓட்டையைத் தேடிக்கொண்டிருந்தாய்? நானாக எழுதும்வரை நீ எழுதாதே.

அனிதா மேரி


மரியே வாழ்க
வரதராஜன்பேட்டை
10 ஏப்ரல் 2025

அன்புள்ள இர்பானாவுக்கு,

எழுதாதே என்றதும் நிஜமாகவே எழுதாமல் இருந்துவிட்டாய். அதற்கும் உன்மேல் கோபம் வந்தது. பெருநாள் வாழ்த்துக்கூட நான் சொல்லவில்லை. மன்னித்துக்கொள்.

வைவா முடிந்தது. அந்தப் பக்கம் திரையில் வந்தது. தேர்வாளர் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார். யாரும் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை. கைதட்டினார்கள். அப்பா முட்டிவலியோடு அத்தனை படி ஏறி வந்து, கடைசி வரிசையில் உட்கார்ந்து அழுதார். என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

பதிப்பாளர் மே மாதம் அச்சுக்கு அனுப்பவேண்டும் என்கிறார். ஆறாம் அத்தியாயம் இருப்பது இருக்கிறபடியே போகட்டும், இர்பா. ஆய்வேட்டில் ஒன்றும் புத்தகத்தில் வேறொன்றும் இருந்தால் யாராவது தோண்டுவார்கள். அட்டையில் உன் பெயரைத்தான் முதலில் போடச் சொல்லியிருக்கிறேன். நீ சரி என்று ஒரு வார்த்தை எழுதினால் போதும்.

மேரி


786
லப்பைக்குடிக்காடு
15 ஏப்ரல் 2025

என் மேரிக்கு,

உன் அப்பா அழுதார் என்று படித்ததும் நானும் அழுதேன். உன் பட்டத்தைப் பற்றி என் வாயிலிருந்து ஒரு சொல் வராது. அது உன் மனசாட்சி, நீ பார்த்துக்கொள்.

ஆனால் புத்தகம் நம் இரண்டு பேருடையது. இங்கிலீஷுக்குப் பயந்து வேப்பந்தட்டையிலோ உடையார்பாளையத்திலோ ஒரு பெண் அதை எடுப்பாள். அந்த வரிக்கு வருவாள், திகைப்பாள். அச்சடித்த புத்தகத்தில் தப்பு இருக்கும் என்று அவளுக்குத் தோன்றவே தோன்றாது. தனக்குத்தான் மூளை இல்லை என்று முடிவுகட்டிப் புத்தகத்தை மூடிவிடுவாள். நான் அழுததை நீ படித்தாயே. எனக்காவது உன்னிடம் கேட்க முகவரி இருந்தது. அவள் யாரிடம் கேட்பாள்?

அந்த வரியை எடுத்துவிடு. முடியாது என்றால் அட்டையிலிருந்து என் பெயரை எடுத்துவிடு. நீ என்னை விட்டுப் போய்விடுவாயோ என்று பயமாக இருக்கிறது. இருந்தாலும் "சரி" என்று என்னால் எழுத முடியாது.

உன்,
இர்பானா


மரியே வாழ்க
திருச்சி, பல்கலைக்கழக வராந்தா
22 ஏப்ரல் 2025

அன்புள்ள இர்பானாவுக்கு,

ஈஸ்டர் பூசைக்குப் போனேன். நன்மை அப்பம் வாங்க வரிசையில் நின்றுவிட்டு, வாங்காமலே திரும்பி வந்துவிட்டேன். அப்பா ஏன் என்று கேட்டார். தலைவலி என்றேன்.

இன்று காலை கைடு சாரிடம் சொல்லிவிட்டேன். உன் ஐந்து வரியை ஒரு காகிதத்தில் எழுதி அவர் முன்னால் வைத்தேன். பென்சிலை எடுத்து ஓட்டிப் பார்த்தார். பிறகு, "இத ஏம்மா இப்ப வந்து சொல்றீங்க? யாரும் கேக்கலியே" என்றார். "கேட்டிருந்தா அன்னிக்கே சொல்லியிருப்பேன்னுதான் சார் எனக்கு நானே சொல்லிக்கிட்டிருந்தேன். அது பொய்" என்றேன். காகிதத்தை எடுத்துக்கொண்டு மேலே உள்ளவர்களிடம் பேசப் போயிருக்கிறார். நான் வெளியே பெஞ்சில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன்.

திருத்திக் கொடு என்பார்களா, இல்லை எல்லாமே போய்விட்டதா, தெரியவில்லை. ஜூனில் என் கதி என்ன, அதுவும் தெரியவில்லை. அப்பாவிடம் இன்னும் சொல்லவில்லை. பதிப்பாளரிடம் மட்டும் ஆறாம் அத்தியாயத்தை நிறுத்தி வைக்கச் சொல்லிவிட்டேன்.

உன்மேல் கோபம் தீர்ந்துவிட்டது என்று எழுதினால் அது இன்னொரு பொய். தீரவில்லை. கொஞ்ச நாள் இருக்கும் போலிருக்கிறது. ஏழாம் அத்தியாயத்தை இத்துடன் வைத்திருக்கிறேன். வேறு யாருக்கும் அனுப்ப மனம் வரவில்லை.

உள்ளே கூப்பிடுகிறார்கள். போகிறேன்.

உன்,
மேரி