ஒரே மகன் என்று வெட்டிய கல்

தீரு,
கப்பலோட்டத்துக்குக் கடல் திறந்த ஐந்தாம் நாள்

தம்பி மத்தானுக்கு,

மெல்கார்ட் உன்னைக் காக்கட்டும். திருவிழாவுக்கு வந்த உங்கள் கார்த்தேஜ் தூதர்களிடம் நீ கொடுத்தனுப்பிய கடிதம் கிடைத்தது. பதினோரு ஆண்டுகள் கழித்து உன் கையெழுத்தைப் பார்க்கிறேன். இன்னும் கோணல்தான்.

அண்ணியையும் என் மகள் அரிஷத்தையும் உன்னிடம் அனுப்பச் சொல்கிறாய். ஊர்ச் சபையும் அதையே சொல்கிறது. பெண்களும் குழந்தைகளும் கப்பல் ஏறிக்கொண்டிருக்கிறார்கள். படையெடுத்து வந்திருக்கும் மக்கெதோனிய அரசன் எதிர்க்கரையிலிருந்து நம் தீவுக்குக் கடலைத் தூர்த்துப் பாதை போடுகிறான். நம் ஆட்கள் படகில் கிட்டே போய், "என்னப்பா, மண்ணு சொமக்கவா இவ்ளோ தூரம் வந்தீங்க?" என்று சிரிக்கிறார்கள்.

அப்பா இறந்தபோது உனக்கு ஆள் அனுப்பினேன். சாயத் தொட்டியில் சங்கு ஊறுகிறது, விட்டு வர முடியாது என்று சொல்லியனுப்பினாய். தகப்பனை அடக்கம் செய்ய வராதவன் வீட்டில் என் மகள் சாப்பிட வேண்டாம்.

உன் அண்ணி பத்நோவாம் விடவில்லை. "உங்க கோவத்த நீங்களே வச்சுக்கோங்க. பொண்ணுக்குப் பதினாறு வயசு. அவள எதுக்கு அதுல இழுக்குறீங்க?" என்றாள். தாய் ஊருக்கு ஆபத்தென்றால் மகள் ஊர் படை அனுப்பும், பொறு என்றேன். கார்த்தேஜ் எங்கள் ஊர் பெற்றதுதானே.

அப்தோசிர்
கோயில் எழுத்தன்


கார்த்தேஜ்,
முப்பதாம் நாள்

அன்புள்ள அண்ணா,

தொட்டி பொய்யில்லை. ஆனால் அது காரணமும் இல்லை. உன்னிடம் சொல்லாமல் ஊரை விட்டுப் போனவன் நான். உன் முகத்தைப் பார்க்கப் பயந்தேன். அந்தப் பயத்துக்கு இத்தனை வருடம் தண்டனை அனுபவித்துவிட்டேன்.

அப்பாவின் கல்லில் 'ஷபாத்தின் ஒரே மகன் அப்தோசிர் நிறுத்தியது' என்று நீ வெட்டியிருப்பதை ஒரு மாலுமி எனக்குச் சொன்னான். ஏன் என்று நான் உன்னைக் கேட்டதில்லை. இப்போதும் கேட்கவில்லை.

ஒன்றை மட்டும் நம்பு. எங்கள் படை வராது. சபையில் தினமும் பேசுகிறார்கள், தாய் ஊர் என்று கண்ணீர்கூட விடுகிறார்கள். ஒரு கப்பலுக்கும் பாய் கட்டவில்லை. உங்களிடம் வந்திருக்கும் தூதர்கள் இதைச் சொல்லமாட்டார்கள்.

என்மேல் கோபமாக இரு, அண்ணா. அவர்களைக் கப்பல் ஏற்றிவிட்டுக் கோபமாக இரு.

அண்ணியைக் கேட்டதாகச் சொல்.

உன் தம்பி
மத்தான்


தீரு,
ஐம்பத்தெட்டாம் நாள்

தம்பிக்கு,

உன் கடிதத்தைப் படித்து ஆறு நாள் மடித்து வைத்திருந்தேன். யாரிடமும் சொல்லவில்லை. அந்த ஆறு நாளில் மூன்று கப்பல்கள் போயின.

எதிர்க்கரையில் இடிக்க வீடுகள் தீர்ந்துவிட்டன. இப்போது அங்கே இருக்கும் நம் கல்லறைக் கற்களைக் கொண்டுவந்து கடலில் போடுகிறார்கள். பாதை மதிலுக்குக் கிட்டே வந்துவிட்டது. வண்டியில் வருவது எந்தக் கல் என்று தெரிகிறது. அப்பாவின் கல்லைப் பார்த்தேன். இதைப் பெயர்ப்பவன் சந்ததி அற்றுப் போகட்டும் என்று நான்தான் அதில் எழுதிக்கொடுத்தேன். நாலு பேர் சாதாரணமாகப் புரட்டித் தள்ளினார்கள். என் வார்த்தைகள் அத்தனையும் தண்ணீருக்குள் போயின. அதில் நான் வருந்த வேண்டிய வார்த்தை ஒன்றுதான்.

ஊரில் ஒருவனுக்குக் கனவு வந்ததாம், நம் கோயிலில் சிலையாக நிற்கும் கிரேக்கர்களின் தெய்வம் நம்மை விட்டு மக்கெதோனியனிடம் போகப் போவதாக. உடனே அந்தச் சிலையைத் தங்கச் சங்கிலியால் மெல்கார்ட் பீடத்தோடு கட்டிவிட்டார்கள். அரிஷத்தைக் கூட்டிக்கொண்டு பார்க்கப் போனேன். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுச் சொன்னாள்: "அவருக்குப் போகணும்னு இருக்கறது எல்லாருக்கும் தெரிஞ்சிருக்குப்பா. எங்கள யாரும் கேக்கவே இல்ல."

வீட்டுக்கு வந்து மூட்டை கட்டச் சொன்னேன்.

நேற்றுக் காலை துறைமுகத்துக்குப் போனோம். துறைமுக வாய்க்கு வெளியே சீதோன் கப்பல்கள், சைப்ரஸ் கப்பல்கள், கண்ணுக்கெட்டிய தூரம் வரை. நம் மொழி பேசுகிறவர்கள், மக்கெதோனியன் பக்கம். நம்மவர்களும் உள்ளிருந்து கப்பல்களை நெருக்கி நிறுத்தி வாயை அடைத்துவிட்டார்கள்.

பத்நோவாம் மூட்டையை இறக்கி அதன்மேல் உட்கார்ந்தாள். என்னைத் திட்டுவாள் என்று நின்றேன். "வீட்டுக்குப் போலாம் வாங்க. அடுப்ப அணைச்சிட்டு வந்துட்டேன், மறுபடி பத்தவைக்கணும்" என்றாள்.

சங்கு எடுக்க மூழ்கும் ஒருவன் காவல் கப்பல்களுக்கு அடியில் நீந்திப் போய் மேற்கே போகும் ஏதாவது கப்பலில் சேர்க்கிறேன் என்கிறான். அவனிடம் இதை மெழுகுத்துணியில் சுற்றிக் கொடுக்கிறேன். உங்கள் சபையில் உனக்குத் தெரிந்தவர்கள் யாராவது இருந்தால் காலில் விழு. உன் அண்ணன் விழச் சொன்னான் என்று சொல்.

அப்தோசிர்


சீதோன்,
முதல் மழை பெய்த நாள்

தம்பி மத்தானுக்கு,

என்னை உயிரோடு பார்த்தவர்கள் சொல்லி, கார்த்தேஜுக்கு வா என்று எழுதியிருக்கிறாய்.

மதில் இடிந்த அன்று நான் கோயிலில் சுருள்களை நிலவறைக்கு இறக்கிக்கொண்டிருந்தேன். கதவைத் தாழிட்டுக்கொண்டு இருங்கள், இதோ வருகிறேன் என்று வீட்டில் சொல்லியிருந்தேன். போனபோது கதவு திறந்து கிடந்தது. அவர்கள் பெயரைக் கத்திக்கொண்டே துறைமுகம் வரை ஓடினேன். ஒரு சீதோன் துடுப்புக்காரன் கையைப் பிடித்து இழுத்தான். "வாய மூடு பெருசு. நம்ம பேச்சு பேசுற, அதனாலதான் தூக்குறேன். பலகைக்குக் கீழ படு" என்றான். படுத்தேன். சீதோன்காரர்கள் இப்படி எங்களை ஆயிரக்கணக்கில் ஒளித்துக் கொண்டுவந்தார்கள். இங்கே ஒவ்வொரு வீடாகத் தேடிவிட்டேன். அடிமைகளாக விற்கப்பட்டவர்கள் வரிசையில் தாயும் மகளும் கையைப் பிடித்தபடி நின்றதை ஒருத்தி பார்த்திருக்கிறாள். எந்தக் கப்பல் என்று அவளுக்குத் தெரியவில்லை.

நான் வரமாட்டேன். நீ என்னை நன்றாகப் பார்த்துக்கொள்வாய், ஒரு வார்த்தை கேட்கமாட்டாய். அதை என்னால் தாங்க முடியாது. உன்மேல் சொல்ல ஒரு குறையாவது அகப்படுமா என்று தேடிப் பார்த்தேன். இல்லை. இத்தனை வருடம் அதை வைத்துக்கொண்டுதான் நடமாடினேன்.

உன் சாயம் எல்லாத் துறைமுகத்துக்கும் போகிறது. கொண்டுபோகிறவர்களிடம் விசாரிக்கச் சொல். அரிஷத்தின் இடது புருவத்தில் சின்னத் தழும்பு இருக்கும். முற்றுகையின் கடைசி நாட்களில் அவளிடம் ஒன்று சொல்லி வைத்தேன்: யார் கேட்டாலும், எந்த ஊரானாலும், கார்த்தேஜில் சாயம் போடும் மத்தான் என் சித்தப்பா என்று சொல். மூன்று முறை திருப்பிச் சொல்ல வைத்தேன்.

அவளைப் பற்றி என்றால் மட்டும் எழுது.

உன் அண்ணன்
அப்தோசிர்