ஜனாதிபதி நெற்றியில் விழுந்த தாலுகா முத்திரை

மேலக்கரை,
பாபநாசம் தாலுகா,
7-7-1974

அன்புள்ள மகன் வைரக்கண்ணுவுக்கு அப்பா எழுதிக்கொள்வது. இங்கே நானும் அம்மாவும் மாடுகளும் சுகம், என் இடது முழங்கால் மட்டும் தனிக்கட்சி நடத்துகிறது, அதை விட்டுவிடு. நீ அங்கே வேளைக்குச் சாப்பிட்டுத் தெம்பாக இருக்கிறாய் என்று தெரிந்தால் எங்களுக்குப் போதும். முதலில் என் மானம் போன கதையைச் சொல்லிவிடுகிறேன், வேறு யாராவது உனக்கு எழுதுவதற்குள். பதவியேற்ற அன்று எடுத்ததென்று ஒரு போட்டோ அனுப்பினாயே, நீ இருக்கிற நாட்டு ஜனாதிபதி நாற்காலியில் உட்கார்ந்திருக்க நீ பின்னால் பைலோடு நிற்கிறாயே அது, அதை ஊரெல்லாம் காட்டிவிட்டுக் குத்தகை நெல் அளந்த சீட்டுகள் இருக்கிற மஞ்சள் பையிலேயே போட்டுவைத்திருந்தேன். நாம் உழுகிற ஆறு மா நிலத்துக்குக் குத்தகைக்காரன் நான்தான் என்று பதிவேட்டில் ஏற்றச் சொல்லித் தாலுகா ஆபீசில் மனுக் கொடுக்கப் போனேன். மனு எழுதுகிற அப்துல் அஜீஸ் பாய் அன்றைக்குப் பார்த்துக் கண்ணாடியை வீட்டில் வைத்துவிட்டு வந்திருந்தார், பையில் இருந்ததையெல்லாம் ஒன்றாகச் சேர்த்துக் குண்டூசி குத்திக் கொடுத்துவிட்டார். குமாஸ்தா வரிசையாக முத்திரை குத்திக்கொண்டே போனவர் உங்கள் ஜனாதிபதியின் நெற்றியிலும் ஒன்று குத்தி, மூன்றாம் ஆவணம் என்று நம்பரும் போட்டுவிட்டார். விசாரணையன்று தாசில்தார் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, "இவரு யாருங்க, சாட்சியா? கூப்பிட்டா வருவாரா?" என்று கேட்டார். நான் விஷயத்தைச் சொன்னேன். "இவ்வளவு பெரிய ஆளை வச்சுக்கிட்டு எங்கிட்ட எதுக்கு வந்தீங்க" என்றார். ஆபீசே சிரித்தது, நானும் சேர்ந்து சிரித்தேன், வேறு என்ன செய்ய.

சிரிக்காதவர் நிலத்துக்குச் சொந்தக்காரரான மிராசுதார் வீட்டுக் காரியஸ்தர் ஒருவர்தான். அந்த போட்டோவையே கையில் பிடித்துக்கொண்டு, "பாருங்க, மகன் அரண்மனையில நிக்கிறான், அப்பனுக்கு முட்டி மடங்காது, அப்ப ஏர் பிடிக்கிறது யாரு? கூலிக்கு ஆள் வச்சுப் பண்றவனை எந்தச் சட்டம் குத்தகைதாரன்னு சொல்லுது?" என்று ஒரு போடு போட்டார். சட்டமும் அவர் பக்கம் கொஞ்சம் சாய்ந்துதான் இருக்கிறது, தானோ குடும்பத்து ஆளோ வயலில் இறங்கிப் பாடுபட வேண்டுமாம். ஆட்சி மாறி ஏழு வருஷம் ஆகிறது, உழுகிறவன் பெயரைச் சுவரெல்லாம் எழுதியாயிற்று, பதிவேட்டில் எழுதத்தான் இத்தனை யோசனை. பெயர் ஏறாவிட்டால் இந்த அறுவடையோடு வரப்பை விட்டு ஏறவேண்டியதுதான். தாசில்தார் நல்ல மாதிரி, நடவு சமயத்தில் நேரில் வந்து பார்க்கிறேன் என்றார், வெளியே வந்ததும் தணிந்த குரலில், "உங்க பையன் திரும்பி வந்து சாகுபடி பண்ணுவான்னு ஒரு வரி எழுதிக் குடுத்துடுங்க, சுலபமா முடிஞ்சிடும்" என்றும் சொன்னார்.

வீட்டுக்கு வந்தால் உன் கடிதம் காத்திருக்கிறது. ஜனாதிபதி உன்னை அரண்மனையிலேயே காரியதரிசியாக இருக்கச் சொல்கிறார், இருந்தால் அந்த நாட்டுக் குடிமகனாகிவிட வேண்டும், இருக்கட்டுமா வரட்டுமா என்று கேட்டிருக்கிறாய். ஜனாதிபதியாகிவிட்ட உங்கள் புரொபசர் கதையை உன் பழைய கடிதங்களையெல்லாம் எடுத்துவைத்து அம்மாவுக்கு முதலிலிருந்து படித்துக் காட்டினேன். இருபது வருஷம் காலேஜில் நிலச் சட்டம் நடத்தினார், பையன்கள் தூங்கினார்கள். பிறகு நம் நாட்டுக்குத் தூதராக வந்து உன்னை உதவிக்குச் சேர்த்துக்கொண்டு ஆறு வருஷம் விருந்து சாப்பிட்டார், இடுப்புச் சுற்றளவு கூடியது. அப்புறம் அங்கே இரண்டு கட்சியும் அடித்துக்கொண்டதில், இவரால் யாருக்கும் தொந்தரவு இல்லை என்ற ஒரு விஷயத்தில் மட்டும் ஒத்துப்போய் இவரைத் தூக்கி உட்காரவைத்துவிட்டார்கள். உழுகிறவனுக்கே நிலம் என்று புத்தகம் போட்ட மனுஷன், அதே மசோதா மேஜைக்கு வந்து எட்டு மாதமாகிறது, பேனாவைத் தேடிக்கொண்டிருக்கிறார் என்று நீதான் எழுதியிருந்தாய். அம்மா கேட்டுவிட்டு, "வாத்தியாரை ராஜாவாக்கினா மணி அடிச்சாத்தான எந்திரிப்பாரு" என்றாள். ஆகையால் தம்பி, நீ அங்கேயே இரு. அவர் பேனாவைத் தேடும்போது அது உன் கையில் இருக்கட்டும். முடிந்தால் ஒருநாள் செருப்பைக் கழற்றச் சொல்லி ஏதாவது ஒரு வரப்பில் நடத்திக் கூட்டிப்போ, இருபது வருஷப் பாடம் அப்போதுதான் அவருக்கே விளங்கும்.

தாசில்தார் சொன்னபடி வியாழக்கிழமை வந்தார். நான் சேற்றில் ஏரோடு இறங்கி மூன்று சுற்று நன்றாகவே ஓட்டினேன், நாலாவது சுற்றில் முழங்கால் என்னைக் கேட்காமல் மடங்கி, உட்கார்ந்தேன் என்று சொல்லலாம், விழுந்தேன் என்று உன் அம்மா சொல்வாள். காரியஸ்தர் வரப்பில் நின்று, "பாத்தீங்களா, பாத்தீங்களா" என்றார். அம்மா நாற்று முடியைப் போட்டுவிட்டு வந்து என்னைத் தூக்கி ஓரமாக நிறுத்தினாள், மேழியைத் தானே பிடித்து மீதிச் சுற்றை ஓட்டி முடித்தாள், காரியஸ்தரைப் பார்த்து, "குடும்பத்து ஆளுன்னா நான் கணக்குல வர மாட்டேங்களா?" என்றாள். தாசில்தார் அங்கேயே ஜீப்பின் மேல் பதிவேட்டை விரித்து என் பெயரை எழுதிவிட்டார். எட்டாவது வரை படித்தவன், என் பெயரைத் தலைகீழாகவும் படிக்கத் தெரியும், நாலு தரம் படித்தேன்.

கோபம் வந்தால் ஜனாதிபதி முன்னால் பைலை வீசாதே, அந்தக் குணம் உனக்கு என்னிடமிருந்து வந்தது. தலைக்கு எண்ணெய் வை. அம்மாவுக்குத் தனியாக ஒரு கடிதம் போடு, எனக்கு எழுதுகிற கடிதத்தில் கடைசி வரியில் தன்னை விசாரிப்பது அவளுக்குப் பிடிக்கவில்லை, இதை மறக்காதே. நீ எந்த நாட்டுக் குடிமகனானாலும் நெடுநாள் நன்றாக இருக்க எங்கள் இருவர் ஆசீர்வாதமும் உண்டு. இன்னும் ஒன்று இருக்கிறது. பெயரை எழுதி முடித்த தாசில்தார், "உங்களுக்கு அப்புறம் சாகுபடி பண்ணப்போறது யாரு, பேரைச் சொல்லுங்க" என்றார். "அந்த இடத்துல வெறும் கோடு போட்டுடுங்கய்யா" என்றேன். அவர் உடனே போடவில்லை, பேனாவைப் பிடித்தபடி என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார், அவ்வளவு நேரமும் வைரக்கண்ணு, வைரக்கண்ணு என்று பல்லுக்குப் பின்னால் என் நாக்கு சொல்லிக்கொண்டே இருந்தது, நான்தான் வாயைத் திறக்கவில்லை.

இப்படிக்கு,
உன் அப்பா
கண்ணுசாமி