மாத்திரை தொடாத மனுஷன்

அக். 14, திங்கள்
காலையிலிருந்து தூறல். முட்டை எடுக்க ஆள் வரவில்லை, நானே எடுத்தேன். கூண்டுக் கம்பி இவர் காலைக் கிழித்துவிட்டது. கோழி எச்சத்தில் நின்றபடியே பழைய துணியால் ஒரு கட்டு, அவ்வளவுதான் வைத்தியம். ஊசி போடச் சொன்னேன். “கல்யாணமாகி இத்தன வருசத்துல நான் ஒரு தலவலி மாத்தர முழுங்கிப் பாத்திருக்கியா, புள்ள?” பெருமை வேறு! கோழிகளுக்கு மட்டும் குளிர்காற்று அடித்தாலே, நோய் வருமுன்பே தண்ணீரில் கிருமி மருந்துப் பவுடர். இன்றும் கலக்கினார்.
வாங்க: வெங்காயம், மஞ்சள்தூள், டார்ச் பேட்டரி.

அக். 17, வியாழன்
பாதம் வீங்கிவிட்டது. காய்ச்சல். நாமக்கல்லில் காட்டி ஊசி. “இப்பப் போட்டுக்கிட்டீங்களா?” என்று சிரித்தேன். முறைத்தார்.

அக். 19, சனி
சேலம், பெரிய ஆஸ்பத்திரி. ராசிபுரம் தாண்டும்போதே உளற ஆரம்பித்துவிட்டார். புண்ணிலிருந்து சீழ் எடுத்து டெஸ்டுக்கு அனுப்பியிருக்கிறார்கள். பாட்டில் பாட்டிலாக மருந்து ஏறுகிறது, காய்ச்சல் இறங்கவில்லை. மாற்றுச் சேலை எடுத்து வரவில்லை.

அக். 22, செவ்வாய்
ரிசல்ட் வந்தது. டாக்டரம்மா கேட்டார்: “இந்தக் கிருமிக்கு எந்த மருந்துமே கேக்க மாட்டேங்குதும்மா. அடிக்கடி ஆன்டிபயாடிக் சாப்பிடுவாரா?”
சண்டைக்கே போய்விட்டேன். “அவரு மாத்தரையே தொடாத மனுசனுங்க!”
“என்ன தொழில்?”
“கோழிப்பண்ணைங்க.”
பேனாவைக் கீழே வைத்தார். தண்ணீரில் என்ன கலக்கிறோம் என்றார். பவுடர் பெயரைச் சொன்னேன். இவருக்கு முதலில் ஏற்றிய மருந்தும் அதே வகைதானாம். “அங்கிருந்துதான் வந்துச்சுன்னு உறுதியா சொல்ல முடியாதும்மா. ஆனா அந்த மருந்துலயே பழகின கிருமி எச்சத்துல இருக்கும். புண்ணு வழியா ஏறும்.”
இவர் தின்னாத மருந்தையெல்லாம் கோழிகள் தின்றிருக்கின்றன. கடவுளே, அந்த ஷெட்டில்தானே நானும் தினம் நிற்கிறேன்.
மத்தியானம் சாப்பிடப் பிடிக்கவில்லை.

அக். 23, புதன்
பாதத்தை எடுத்தால்தான் உயிர் தங்குமாம். நாளைக் காலை. கையெழுத்துப் போட்டுவிட்டேன். அவரிடம் சொல்லும் வேலையும் என் தலையில். காய்ச்சல் கொஞ்சம் தணிந்த நேரமாகப் பார்த்துச் சொன்னேன். என் கையைப் பிடித்தார்.
“டாக்டரம்மாகிட்டக் கேளு, புள்ள. டோஸ் பத்தலையோ என்னமோ. ரெண்டு பங்காப் போடச் சொல்லு. கோழிக்கு அப்படிப் போட்டாத்தான கேக்குது.”
கேட்கிறேனுங்க என்று சொல்லிவிட்டு வராண்டாவில் வந்து உட்கார்ந்திருக்கிறேன்.